சாய்வான தரை

பில்லாங்கூர், பாரிஸ்
1959 அக்டோபர் 6

எத்தியென்,

உள்பக்கம்தான். நீ எழுதியது சரி. செட்டில் ரொட்டிக்கடைக் கதவு உள்பக்கம் திறக்க வேண்டும். நான் வெளிப்பக்கம் போட்டுவிட்டேன். கூடையும் கையுமாக வருகிற பெண் அதை எப்படி இழுப்பாள்? படம் ஓடி முடிந்துவிட்டது. யாரும் கவனிக்கவில்லை. நீ மட்டும். அல்ஜீரியாவில் ஏதோ ஒரு பண்ணையில் உட்கார்ந்துகொண்டு, நான் தபாலில் அனுப்பிய ஒரு புகைப்படத்தைப் பார்த்து.

மார்சோவிடம் படித்துக் காட்டினேன். நம் தலைமைத் தச்சர் எப்படிப் பேசுவார் என்று உனக்குத் தெரியும். "பட்டாளத்துக்குப் போயும் பய நம்மள விடமாட்டேங்கிறானே. அவனுக்குத் துப்பாக்கி குடுத்தாங்களா, ரசமட்டம் குடுத்தாங்களா?"

இனி செய்தி. உட்கார்ந்துகொள்.

எனக்குத் தனியாக ஒரு படம் கொடுத்திருக்கிறார்கள். நம் கலை இயக்குநர், கிழவர் ஒப்ரி, போன வசந்தத்தில் இறந்த பிறகு, அவருடைய மேசையில் யாரை உட்காரவைப்பது என்று தயாரிப்பாளர்கள் நிறைய யோசித்தார்கள். அந்த மேசையில் வரைந்துகொண்டிருந்தது யார் என்று யாரும் கேட்கவில்லை. கடைசியில், ஆண்கள் எல்லோரும் வேறு படங்களில் இருந்ததால், என்னைக் கூப்பிட்டார்கள். டைட்டிலில் "கலை: ஒதீல் மர்சான்". தனி அட்டை. நாற்பத்தைந்து வயதில்.

இருபது வருடமாக நான் வரைந்த மாடிப்படிகளெல்லாம் அவர் பெயரில் ஏறின. அவர்மேல் எனக்குக் கோபமில்லை. போர்க்காலத்தில் நீஸில், யாருக்கும் சாப்பாடு இல்லாதபோது, எனக்கு வேலை கொடுத்தவர். அரண்மனை விருந்துக் காட்சி. சுண்ணாம்பில் வாத்து செய்தோம். நீ போய் அதன் காலைக் கடித்தாய். நினைவிருக்கிறதா? அழவில்லை. "இது பொய்" என்றாய், பல்லெல்லாம் வெள்ளையாக. நம் விளையாட்டு அன்றுதான் தொடங்கியது. உன்னைச் செட்டில் உட்காரவைத்து எது பொய் என்று கேட்பேன். கண்டுபிடித்தால் சாக்லேட்.

இது திருடர் படம். கூட்டத்தில் ஒருவன் காட்டிக்கொடுத்துவிடுகிறான். அவனை ஒரு மோட்டார் பட்டறையின் பின்னறைக்குக் கொண்டுபோய் விசாரிக்கிறார்கள். அந்த அறைதான் படத்தின் நடு. இயக்குநருக்கு முப்பது வயதுகூட இல்லை. மழைக்கோட்டைக் கழற்றுவதே இல்லை. "மதாம், எனக்கு நிஜம் வேணும்" என்கிறார். நிஜம் வேண்டுமென்றால் தெருவுக்குப் போகலாமே. எனக்கு எதற்குச் சம்பளம்?

பாதி எழும்பிய செட்டின் புகைப்படத்தை இத்துடன் வைத்திருக்கிறேன். எது பொய்? பென்சிலில் எழுது.

கிடங்கில் தச்சு வேலை கொடுத்திருக்கிறார்கள் என்று எழுதியிருந்தாய். கையில் மரம் இருக்கும்வரை எனக்குப் பயமில்லை.

அம்மா


இராணுவ அஞ்சல், அல்ஜீரியா
அக்டோபர் 15

அம்மா,

தனி அட்டை! மார்சோவை என் சார்பில் கட்டிப்பிடி. கிழவரின் கல்லறையில் ஒரு பூங்கொத்து வை. சிறியதாக.

படத்தைப் பார்த்தேன். நிறையப் பொய்.

தரை சமமாக இருக்கிறது. இருக்கக்கூடாது. கதவிலிருந்து பின்சுவரை நோக்கிச் சாய வேண்டும், கண்ணுக்குத் தெரியாத அளவு. பின்சுவரோரம் தண்ணீர் போக ஒரு துளை. கழுவ வேண்டும் அல்லவா. மேசையைச் சுவரோடு ஒட்டிப் போட்டிருக்கிறாய். நடுவில் இழு. இரண்டு பக்கமும் ஆள் நிற்க வேண்டும். நாற்காலிகள் அதிகம். உட்காருபவர் ஒருவர்தான். எழுதுகிறவர். கதவருகே, மேசைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு.

கயிறு, கொக்கி, சங்கிலி எல்லாம் நாடகம். ஒரு வாளி போதும். ஒரு குழாய். மடித்து அடுக்கிய துண்டுகள். சுவரில் கறை வரைந்திருக்கிறாய், அழித்துவிடு. சுவர் சுத்தமாக இருக்கும். தோள் உயரம்வரை புதிதாக வெள்ளையடித்திருக்கும்.

ரேடியோ ஒன்று வேண்டும். மேசைமேல் வேண்டாம். ஜன்னலில், வெளியே பார்த்தபடி.

அவ்வளவுதான். சும்மா யோசித்தது. இங்கே யோசிக்க நேரம் நிறைய.

ஆரஞ்சு இன்னும் பச்சையாக இருக்கிறது. எங்கள் கொட்டகை பழங்களைக் கழுவி அடுக்குகிற இடமாக இருந்தது. இன்னும் வாசனை இருக்கிறது. சில நாள் மட்டும்.

எத்தியென்


பில்லாங்கூர்
அக்டோபர் 24

ராட்சசா,

எல்லாவற்றையும் செய்துவிட்டேன்.

மார்சோ முதலில் கத்தினார். "தரையச் சாய்க்கணுமா? தரையச் சமமாப் போடணும்னுதான்யா நான் காலைல குடிக்காம வேலைக்கு வர்றேன்!" பிறகு பலகைகளுக்கு அடியில் ஆப்பு வைத்துச் சாய்த்தார். காதிலிருந்த பென்சிலை எடுத்துத் தரையில் வைத்தார். அது உருண்டது. மெதுவாக, யாரும் தள்ளாமல், பின்சுவருக்குப் போய் நின்றது. இருவரும் பார்த்துக்கொண்டிருந்தோம். அவர் சிரிப்பார் என்று நினைத்தேன். "இந்த ரூமு என்னமோ பண்ணுது மதாம்" என்றார்.

கயிறுகளை எடுத்தோம். கறைகளை எடுத்தோம். வெள்ளையடித்தோம். ஒவ்வொன்றாக எடுக்க எடுக்க அறை பயங்கரமாகிக்கொண்டே போனது. இத்தனை வருடத்தில் நான் இதைக் கற்கவில்லை. எப்போதும் சேர்த்துக்கொண்டே இருந்தவள் நான்.

இயக்குநர் வந்தார். சுற்றி நடந்தார். மழைக்கோட்டைக் கழற்றினார்! கையில் வைத்துக்கொண்டு நின்றார்.

"மதாம், இது யாரோட ரூம்?"

"என்னோடதுதான்" என்றேன். உன் பெயரைச் சொல்லவில்லை. மன்னித்துக்கொள். கிழவர் என் பெயரைச் சொல்லாமல் இருக்க இருபது வருடம் பழகினார். எனக்கு ஒரு வாரம் போதுமாக இருந்தது.

ரேடியோ எதற்கு என்று மட்டும் புரியவில்லை. அவருக்கும் புரியவில்லை. ஆனால் அதை எடுத்துவிட்டால் அது வெறும் அறை. வைத்தால் என்னவோ நடக்கப்போகிறது. எங்கிருந்து பிடித்தாய் இதை?

புதிய படம் வைத்திருக்கிறேன். பார். பெருமைப்படு.

அம்மா


இராணுவ அஞ்சல்
அக்டோபர் 30

அம்மா,

ரேடியோவை எடுத்துவிடு.

தரையைச் சமமாக்கிவிடு. கயிறுகளைத் திரும்பத் தொங்கவிடு, கறை வரை, என்ன வேண்டுமானாலும் செய். நான் விளையாட்டாக எழுதினேன். அந்தப் படத்தை யாருக்கும் காட்டாதே. எனக்கு அனுப்பியதைக் கிழித்துவிட்டேன். தபால் பையைப் பிரித்தவன் என் தோளுக்கு மேல் எட்டிப் பார்த்து, "ஏய், நம்ம கொட்டகையை யாருடா போட்டோ எடுத்தது?" என்று கேட்டான்.

எ.


பில்லாங்கூர்
நவம்பர் 5

எத்தியென்,

உன் கடிதம் இன்று மாலை வந்தது. நேற்றே வந்திருக்கக் கூடாதா.

நேற்று விளக்குச் சோதனை. காட்டிக்கொடுப்பவனாக நடிப்பது ப்லெஸாக். உனக்குத் தெரியும், உன்னைத் தோளில் ஏற்றிக்கொண்டு ஸ்டுடியோ முழுக்கச் சுற்றியவர். இப்போது தொப்பை விழுந்துவிட்டது. வாய் மட்டும் அப்படியே. கையில் ரொட்டியும் பன்றிக்கறியுமாகத் தின்றுகொண்டே வந்தார்.

"என்ன மார்சோ, என்னைக் கொல்ல இவ்வளவு சுத்தமான ரூமா? என் கல்யாணத்துக்கே இப்படி வெள்ளையடிக்கலையேய்யா."

"உங்க எந்தக் கல்யாணத்துக்கு?" என்றார் மார்சோ.

எல்லோரும் சிரித்தார்கள். ப்லெஸாக்கும் சிரித்துக்கொண்டேதான் உள்ளே வந்தார். இரண்டடி. மூன்றடி. காலடியில் தரை சாய்வதை உணர்ந்தவர்போல நின்றார். ரொட்டியை மேசையில் வைக்கப் போனார். வைக்கவில்லை. கையை இழுத்துக்கொண்டார். பிறகு, தேடாமல், அவர் கண் நேராகப் பின்சுவர்த் துளைக்குப் போனது. அங்கிருந்து ரேடியோவுக்கு.

"ஒதீல், எந்தக் கட்டடம் இது?"

"எந்தக் கட்டடமும் இல்ல. செட்டு."

"நீ லியோன்ல எப்ப இருந்த?"

"நான் லியோனுக்குப் போனதே இல்லையே."

"அப்ப யாரு சொன்னது? அந்த ரூம்லேருந்து ஜெர்மன்காரன் கைய விட்டு உசுரோட வந்தவங்க கொஞ்சப் பேருதான். எல்லாரையும் எனக்குத் தெரியும். பேரச் சொல்லு."

அவரை 1943இல் ஜெர்மானியர்கள் பிடித்துப் போனார்கள் என்று எனக்குத் தெரியும். எல்லோருக்கும் தெரியும். அதைப் பற்றி அவர் நகைச்சுவை மட்டும்தான் சொல்வார். அங்கே சூப் மோசம் என்பார்.

"என் மகன் சொன்னான்" என்றேன்.

"எத்தியெனா? நாப்பத்து மூணுல அவன் அஞ்சு வயசுப் பொடியன்."

"ஆமா."

"அவனுக்கு எப்படித் தெரியும்?"

அவராகவே, ரொம்ப மெதுவாக, "அவன் இப்ப எங்க இருக்கான்?" என்று கேட்டார்.

சொன்னேன்.

ஒரு விளக்குக்காரர் மேலிருந்து ஏதோ கத்தினார். ப்லெஸாக் ஜன்னலுக்குப் போய் ரேடியோவைத் தொட்டார். "சத்தம் வெளிய போறதுக்கு, ஒதீல். தெருவுல போறவங்களுக்குப் பாட்டு கேக்கட்டும்னு. வேறெதுவும் கேக்காம." பிறகு ரொட்டியைக் கையில் பிடித்தபடி வெளியே போனார். வண்டி நிறுத்துமிடத்தில் அவர் காருக்குள் உட்கார்ந்திருந்ததைப் பார்த்தேன். காரைக் கிளப்பவில்லை.

உனக்கு எப்படித் தெரியும்?

அம்மா


(படமுள்ள அஞ்சலட்டை: ஒட்டகம், பேரீச்சை மரங்கள்)
நவம்பர் 11

அம்மா, நலம். இரண்டு நாளாக மழை. சளி. கம்பளிக் காலுறை அனுப்ப முடிந்தால் நல்லது. ப்லெஸாக் ஐயாவுக்கு என் வணக்கம். இங்கே எல்லாம் அமைதி.

எத்தியென்


பில்லாங்கூர்
நவம்பர் 17

காலுறை அனுப்பியிருக்கிறேன்.

ஒட்டகம் பொய். நீ இருக்கிற ஊரில் ஒட்டகம் இல்லை, நீயே எழுதினாய். அமைதி பொய். சளிகூடப் பொய் என்று நினைக்கிறேன். சளி பிடித்தால் நீ நலம் என்று எழுதமாட்டாய், மூன்று பக்கம் புலம்புவாய்.

எத்தியென், எனக்குத் தெரிந்தது ஒரு தொழில்தான். ஓர் அறையின் படத்தைக் கையில் கொடுத்தால், அதை எடுத்தவர் எங்கே நின்றார் என்று சொல்லிவிடுவேன். உன் கடிதத்தைத் திரும்பத் திரும்பப் படிக்கிறேன். துண்டுகள் மடித்திருப்பது தெரிகிறது. எழுதுபவரின் முதுகு தெரிகிறது. தரையின் சாய்வு, கண்ணுக்குத் தெரியாதது, அதுவும் உனக்குத் தெரிகிறது. யாருடைய முகமும் தெரியவில்லை. அந்த மேசையில் ஆள் இல்லை. ஆள் இல்லாதபோது அந்த அறைக்குள் நின்று பார்க்கிறவன் யார்?

நாற்காலியில் இருப்பவன் நீயா? மேசையின் பக்கவாட்டில் நிற்பவனா? எனக்கு ஒரு விடை வேண்டும். எதுவாக இருந்தாலும் உன் அம்மாவாகத்தான் படிப்பேன்.


இராணுவ அஞ்சல்
நவம்பர் 26

அம்மா,

இரண்டும் இல்லை. நான் அதைக் கட்டினேன்.

வந்த புதிதில் லெப்டினன்ட் எங்களை வரிசையாக நிற்கவைத்து, ஊரில் என்ன வேலை என்று கேட்டார். ஒருவன் மெக்கானிக், ஒருவன் மாடு வளர்ப்பு. என் முறை வந்தது. "சினிமா, ஐயா. செட்டு போடுறது. எங்கம்மாகூட." எல்லோரும் சிரித்தார்கள். ஒருவன், "அப்ப நடிகைகள எப்ப கூட்டிட்டு வர்ற?" என்றான். லெப்டினன்ட் சிரிக்கவில்லை. பிறகு தன் அறைக்குக் கூப்பிட்டுக் காபி கொடுத்தார். மரியாதையான மனிதர். உன் படங்கள் இரண்டைப் பார்த்திருக்கிறார்.

"தம்பி, ரூமு சரியா அமைஞ்சுட்டா ஆளத் தொடவே வேண்டியதில்ல. பாத்ததுமே பேசிருவான். எல்லாருக்கும் நல்லது. அவனுக்கும் நல்லது. உங்கம்மா இதுக்கு என்ன சொல்லுவாங்க?"

நான் சொன்னேன், அம்மா. நீ உதவியாளர்களிடம் சொல்வதை அப்படியே சொன்னேன். "உள்ள வர்றவனுக்கு என்ன நடக்கப்போகுதுன்னு, யாரும் வாயத் தொறக்கறதுக்கு முன்னாடியே ரூமு சொல்லிரணும்."

அவர் அதை இரண்டாவது முறை சொல்லச் சொன்னார்.

நான் நம்பினேன். இதை நீ நம்ப வேண்டும். அறை போதுமான அளவு பயங்கரமாக இருந்தால் வேறெதுவும் நடக்காது என்று நம்பினேன். அதனால் நன்றாகச் செய்தேன். மற்றவர்கள் சங்கிலி கேட்டார்கள், நான்தான் வேண்டாம் என்றேன். கொட்டகையில் பழம் கழுவுகிற கால்வாய் ஏற்கெனவே இருந்தது. பலகைத் தரை போட்டு, அதை நோக்கிச் சாய்த்தேன். வெள்ளையடித்தேன். முதல் நாள் ஒரு வயதானவரைக் கொண்டுவந்தார்கள். வாசலில் நின்று பார்த்தார். உடனே பேசத் தொடங்கிவிட்டார். லெப்டினன்ட் வெளியே வந்து என் தோளைத் தட்டினார். எனக்கு எவ்வளவு சந்தோஷமாக இருந்தது தெரியுமா? சாக்லேட் கிடைத்ததுபோல.

மறுநாள் வந்தவனுக்கு என் வயதிருக்கும். அவன் சுற்றிப் பார்த்தான். ஒன்றும் சொல்லவில்லை. கதவை மூடினார்கள். ரேடியோ அதுவரை அங்கே இல்லை. யாரோ ஓடிப்போய்ச் சாப்பாட்டுக் கூடத்திலிருந்து எடுத்து வந்தார்கள்.

மேசைமேல் ஒரு தொலைபேசி வைத்திருக்கிறார்கள், கையால் சுற்றினால் மின்சாரம் வருவது. அதிலிருந்து வெளியே எந்தக் கம்பியும் போவதில்லை. நான் அதை உனக்கு எழுதவில்லை. அதை மட்டும் எழுதவில்லை.

செட் போட்டுவிட்டால் காட்சி எடுத்துத்தான் ஆக வேண்டும். அது எனக்குத் தெரிந்திருக்க வேண்டும். நான் ஸ்டுடியோவில் வளர்ந்தவன்.

இன்னொன்று. நீ கற்றுக்கொடுத்தபடி எல்லாம் பிரித்து அடுக்கும்படி செய்திருக்கிறேன். தரை, சுவர்ப்பலகை, மேசை. பழக்க தோஷம். யோசிக்கவே இல்லை, கை அப்படித்தான் செய்தது. செப்டம்பரில் ஒரு குழு வந்தது, கோட் அணிந்த மூவர், விசாரிக்க. லெப்டினன்ட் என்னைப் பார்த்தார். அவர்கள் வாசலில் கைகுலுக்கி முடிப்பதற்குள் நாங்கள் எல்லாவற்றையும் பிரித்துப் பெட்டிகளுக்குப் பின்னால் அடுக்கிவிட்டோம். அவர்கள் உள்ளே வந்து கொட்டகையைப் பார்த்தார்கள். ஆரஞ்சுப் பெட்டி. ஒருவர் என்னிடம், "எந்த ஊருப்பா?" என்று கேட்டார். பாரிஸ் என்றேன். "குளிர்தான்" என்றார். போய்விட்டார்கள். மாலையில் திரும்பப் பொருத்தினோம்.

இப்போது இன்னும் இரண்டு கேட்கிறார்கள். லாரியில் ஏற்றிப் போகிற மாதிரி. பிளைவுட் வந்துவிட்டது. முடியாது என்றால் என்னை எங்கே அனுப்புவார்கள் என்று தெரியும். எனக்குத் தைரியம் இல்லை. நீயும் அறிவாய், நான் தைரியசாலி இல்லை.

ஆனால் ஒன்று யோசித்தேன். மோசமான செட்டுகளை நீ பார்த்திருக்கிறாய். யார் நடித்தாலும் எடுபடாத அறைகள். அப்படி ஒன்று எப்படிச் செய்வது? பார்ப்பதற்குச் சரியாக இருக்க வேண்டும், ஆனால் அதற்குள் யாராலும் அதைச் செய்ய முடியக்கூடாது. வரைந்து அனுப்பு. சீக்கிரம்.

எத்தியென்


பில்லாங்கூர்
டிசம்பர் 4

எத்தியென்,

உன் கடிதத்தைப் படித்துவிட்டுச் சமையலறையில் சூப்பை அடுப்பில் ஏற்றினேன். அது தீய்ந்தது. வாசனை வந்தது. எழுந்து போய் அணைக்க வேண்டும் என்று தெரிந்தது. போகவில்லை.

நீ கேட்டதைச் செய்ய முயன்றேன். முதலில் இதைச் சொல்லிவிடுகிறேன். காகிதத்தை விரித்தேன். ஜன்னலைப் பெரிதாக்கினேன். சுவருக்குப் பூப்போட்ட காகிதம். மேசைமேல் துணி மூடிய விளக்கு, ஒரு கம்பளம், நல்ல நாற்காலி. இந்த அறையில் யாராலும் கை ஓங்க முடியாது என்று நினைத்தேன். பிறகு அந்த வாசலில் ஓர் ஆளை நிறுத்திப் பார்த்தேன். எப்போதும் செய்வதுதான், அளவுக்காக. அவன் பூக்களைப் பார்த்தான். தோளைத் தளர்த்தினான். தப்பித்தோம் என்று நினைத்தான்.

அப்போது கதவை மூடுகிறார்கள்.

நான் அவர்களுக்கு இரண்டாவது செட் போட்டுக்கொண்டிருந்தேன். நன்றாகவும் வந்துகொண்டிருந்தது. பென்சில் எங்கும் தயங்கவில்லை.

கிழித்துவிட்டேன். வேலை செய்யாத அறை என்று எதுவும் கிடையாது, எத்தியென். வேலை செய்ய மறுக்கிற தச்சன் மட்டும்தான் உண்டு. நீ மறுக்க வேண்டும். தைரியம் இல்லாமலே மறு. நடுங்கிக்கொண்டே மறு. உன்னைச் சிறையில் போடுவார்கள். போடட்டும்.

இனி நான் செய்தது.

ப்லெஸாக் அந்த அறையில் நடிக்கவில்லை. வேறொருவரை வைத்து எடுத்தார்கள். எல்லோரும் கைதட்டினார்கள். நான் தடுக்கவில்லை. தடுத்திருக்கலாம். என் பெயர் போட்ட அட்டையை நினைத்துக்கொண்டு கேமராவுக்குப் பின்னால் நின்றேன்.

உன் கடிதம் வந்த பிறகு ப்லெஸாக்கிடம் போனேன். அவர் கடிதத்தைக் கேட்கவில்லை. "எனக்கு ஒரு வக்கீலத் தெரியும்" என்றார். "சுதந்திரம் கேக்கற அல்ஜீரியாக்காரங்க வழக்கெல்லாம் நடத்துறவரு. அதனாலேயே பாதிப் பேரு அவரோட சாப்பிடறத நிறுத்திட்டாங்க. வா."

வக்கீல் களைத்துப்போன மனிதர். சட்டையில் மைக்கறை. உன் பண்ணையின் பெயரைச் சொன்னேன். பேனாவைக் கீழே வைத்தார்.

"அங்கேருந்து வந்த ஒரு பையன் என் கட்சிக்காரன், மதாம். வெள்ளை ரூமு, சரிவான தரை, ஜன்னல்ல ரேடியோன்னு ஒண்ணு விடாம சொன்னான். குழு போய்ப் பாத்துச்சு. ஆரஞ்சுப் பெட்டிதான் இருந்துச்சுன்னு அறிக்கை குடுத்துட்டாங்க. அப்படி ஒரு ரூமே இல்ல, பய புளுகுறான்னு கோர்ட்டு முடிவு பண்ணிருச்சு. அந்த ரூம்ல அவன் ஒத்துக்கிட்டத வெச்சுத்தான் அவன் கழுத்த வெட்டப் போறாங்க."

"அந்த ரூமு பில்லாங்கூர்ல நிக்குது" என்றேன்.

அவர் ப்லெஸாக்கைப் பார்த்தார். ப்லெஸாக் தலையசைத்தார்.

"வரைபடம் போதாது. யாரு வேணா வரையலாம்" என்றார் வக்கீல். "ரூமைப் பாக்கணும். என் கட்சிக்காரன் சொன்ன அளவோட ஒத்துப் பாக்கணும். யாரு சொல்லி, எப்படித் தெரிஞ்சு கட்டினீங்கன்னு கேப்பாங்க. பதில் சொல்லுவீங்களா?"

"சொல்லுவேன்."

"உங்க மகன் அகப்பட்டுக்குவான்."

"தெரியும்."

"அவன்கிட்ட கேட்டீங்களா?"

கேட்கவில்லை. கேட்டால் நீ வேண்டாம் என்பாய், அல்லது சரி என்பாய். சரி என்றால் உன் கடிதம் வருவதற்குள் அந்தப் பையனுக்கு நேரம் இருக்குமா தெரியாது. வேண்டாம் என்றால் நானும் உன் சொல்லைக் கேட்டுவிடுவேனோ என்று பயமாக இருக்கிறது. நீ என் ஒரே பிள்ளை. அதனால் கேட்கவில்லை. நீ எனக்கு எழுதிய எல்லாவற்றையும் கொடுக்கிறேன். உனக்கு இதைக் கற்றுக்கொடுத்தது யார் என்று கேட்டால் அதையும் சொல்வேன்.

செட்டை நேற்றே பிரிப்பதாக இருந்தது. மார்சோவிடம் போனேன்.

"அந்த எடத்துல நடன மேடை வேணுமாம் மதாம். தயாரிப்பாளர் குதிக்கிறாரு."

"வர்ற வாரம் வரைக்கும் உங்களுக்கு முதுகுவலி, மார்சோ."

என்னைப் பார்த்தார். ஏன் என்று கேட்கவில்லை. "இப்பவே பிடிச்சிருச்சு மதாம். சுத்தியலக்கூடத் தூக்க முடியல."

இந்தத் தயாரிப்பாளர் இனி எனக்குப் படம் கொடுக்கமாட்டார். மற்றவர்களும். பரவாயில்லை என்று எழுத மாட்டேன். உன்னிடம் பொய் எழுதினால் கண்டுபிடித்துவிடுவாய்.

என்மேல் கோபம் இருந்தால் எழுது. கோபத்தையே எழுது. எழுதாமல் மட்டும் இருந்துவிடாதே.

அம்மா


ஒதீல் மர்சான் இந்தக் கடிதத்தைத் தெருமுனைப் பெட்டியில் போட்டுவிட்டு, பேருந்தில் ஸ்டுடியோவுக்குப் போனாள். வக்கீல் மழையில் காத்துக்கொண்டிருந்தார். அவள் அவரை உள்ளே அழைத்துப்போய், விளக்குகளைப் போட்டு, அளவு நாடாவின் ஒரு முனையை அவர் கையில் கொடுத்தாள்.